ஓஸ்மான் என்ற பெயரில் என் குடும்பத்துக்குள் நுழைந்தது

1

ஐம்பத்திரண்டு வயதில், பெயரை மாற்றிக்கொண்டு, சொந்த மனைவியும் மகளும் இருந்த இடத்துக்குள் நுழைந்தவன் நான். இதை நானே முதலில் சொல்லிவிடுவது நல்லது. வேறு யாராவது சொல்லி உங்களுக்குத் தெரியவந்தால் இன்னும் அசிங்கமாக இருக்கும்.

இடம் என்று நான் சொல்வது ஒரு தீவு. அந்தத் தீவு இருப்பது கணினிக்குள். உள்ளே போக நான் வைத்துக்கொண்ட பெயர் ஓஸ்மான். மனைவி சாரதா எங்கள் வீட்டு முன்னறையில் உட்கார்ந்து அந்தத் தீவில் மீன் சுட்டுக்கொண்டிருந்தாள். மகள் மதி பினாங்கில் கல்லூரி விடுதியில் உட்கார்ந்து அதே தீவில் மரம் வெட்டிக்கொண்டிருந்தாள். நான் படுக்கையறைக் கதவைத் தாழிட்டுக்கொண்டு, மடிக்கணினியைத் தலையணைமேல் வைத்துக்கொண்டு, வியர்த்துக்கொண்டிருந்தேன். குளிர்சாதனம் ஓடிக்கொண்டுதான் இருந்தது.

ஊரில் இருக்கும் உங்களுக்கு இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். கப்பல் உடைந்து ஆளில்லாத தீவில் கரை ஒதுங்குகிறீர்கள். மரம் வெட்ட வேண்டும், மீன் பிடிக்க வேண்டும், வீடு கட்ட வேண்டும். இருட்டினால் மிருகங்கள் வரும், சாகாமல் இருக்க வேண்டும். இதுதான் விளையாட்டு. உலகம் பூராவும் ஆடுகிறார்கள். தெரியாத ஆட்களோடும் ஆடலாம். அல்லது நாலு நண்பர்கள் சேர்ந்து தங்களுக்கென்று ஒரு தனித் தீவு வைத்துக்கொள்ளலாம். தனித் தீவுக்குள் போக ஒரு ரகசிய எண் வேண்டும். எண் தெரிந்தாலும் போதாது; தீவை ஆரம்பித்தவர் பார்த்து ‘சரி, வா’ என்று அனுமதிக்க வேண்டும். எங்கள் வீட்டுத் தீவை ஆரம்பித்தவள் என் மகள்.

அவள் முதலில் கூப்பிட்டது என்னையும்தான். அதையும் மறைக்கக் கூடாது. விடுமுறைக்கு வந்திருந்தபோது, அம்மாவுக்கு விளையாட்டைக் கற்றுக்கொடுத்துக்கொண்டே, “பா, நீங்களும் வாங்க லா,” என்றாள். பக்கத்து வீட்டு பாலா அண்ணனும் அப்போது அங்கே இருந்தார். கேட்க ஆள் இருந்தால் எனக்கு வாய் சும்மா இருக்காது. “கரை ஒதுங்கி, கிடைத்ததைத் தின்று, சாகாமல் இருக்கிற விளையாட்டை இருபது வருஷத்துக்கு மேலாகப் பாசிர் கூடாங் தொழிற்சாலையில் ஆடிக்கொண்டிருக்கிறேன். அதற்குச் சம்பளமும் கொடுக்கிறார்கள்,” என்றேன்.

எல்லோரும் சிரித்தார்கள். பாலா அண்ணன் தொடையில் தட்டிச் சிரித்தார். அதற்குப் பிறகு யாரும் என்னைக் கூப்பிடவில்லை.

2

நாங்கள் இருக்கும் ஜொகூர் மாநிலத்தில் இத்தனை வருடமாக வார விடுமுறை வெள்ளியும் சனியும். நாட்டின் பெரும்பகுதியில் சனியும் ஞாயிறும். சாரதா வேலை பார்க்கும் பாலர் பள்ளிக்கு வெள்ளி, சனி லீவு. மதிக்குப் பினாங்கில் சனி, ஞாயிறு. தாய்க்கும் மகளுக்கும் பொதுவாக இருந்தது ஒரு சனிக்கிழமை. அதிலும் பாதி துணி துவைப்பதிலேயே போய்விடும். பிறகு அரசாங்கம் ஜொகூரையும் சனி, ஞாயிறுக்கு மாற்றியது. வியாபாரத்துக்கு நல்லது, போக்குவரத்துக்கு நல்லது என்று என்னென்னவோ சொன்னார்கள். என் வீட்டில் அதனால் விளைந்தது ஒன்றுதான்: ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பிட்ட தட்டு காய்வதற்குள் சாரதா தீவுக்குப் போய்விடுகிறாள்.

தீவில் நாலு பேர். சாரதா, மதி, சாரதாவோடு வேலை பார்க்கும் காக் ரோஸ் என்கிற மலாய்க்கார அம்மாள், அப்புறம் பாலா அண்ணன். பாலா அண்ணன் பாசிர் கூடாங் தொழிற்சாலைகளுக்கு ஷிப்டு ஆட்களை ஏற்றிப் போகும் பஸ்ஸை ஓட்டுகிறவர். யோங் பெங் பக்கத்து எஸ்டேட்டில் பிறந்து வளர்ந்தவர். எங்கள் வரிசை வீடுகளில் எந்த வீட்டுக் குழாய் ஒழுகினாலும் முதலில் வந்து நிற்பவர். நல்ல மனுஷர். அதுதான் பிரச்சினை. கெட்டவராக இருந்திருந்தால் எனக்கு வேலை சுலபமாக இருந்திருக்கும்.

நான் பேப்பர் படிப்பதுபோல் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பேன். சாரதாவின் கணினியிலிருந்து என் மகளின் குரல் வரும்.

“அங்கிள், கயிறு பத்தாது லா. இன்னும் வேணும்.”

“இரு மா, அறுக்கிறேன். அவசரப்பட்டா படகு கவுந்துரும்.”

“போன வாரம் நீங்கதான் அவசரப்பட்டீங்க!”

“அலமாக்! அத ஏன் லா இப்ப ஞாபகப்படுத்துற?”

அவர்கள் இரண்டு பேரும் படகு கட்டிக்கொண்டிருந்தார்கள். தீவுக்கு அந்தப் பக்கம் இன்னொரு தீவு தெரிகிறதாம். வாரக்கணக்காக நடந்தது அந்த வேலை. என் மகளுக்குப் படகைப் பற்றி ஏதாவது தெரிய வேண்டுமென்றால், இயந்திரப் பொறியியல் படித்த ஒருவன் அதே வீட்டில் பேப்பரைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். யாரும் அவனைக் கேட்கவில்லை.

மதி எனக்குப் போன் செய்தால் பேச்சு இப்படி இருக்கும்:

“சாப்டியா?”

“சாப்டேன் பா.”

“படிக்கிறியா?”

“படிக்கிறேன் பா.”

நான் ஏதாவது ஒரு நகைச்சுவை சொல்வேன். அவள் சிரிப்பாள். “ஓகே பா, பை பா.” முடிந்தது. அதே பெண் ஒரு கற்பனைத் தீவில், கற்பனைக் கயிற்றை வைத்துக்கொண்டு, பக்கத்து வீட்டுக்காரரோடு இரண்டு மணி நேரம் சண்டை போடுகிறாள், சமாதானமாகிறாள், விடுதிச் சாப்பாட்டைப் பற்றிப் புலம்புகிறாள், எந்தத் தோழியோடு பேச்சு இல்லை என்று சொல்கிறாள். அந்தத் தோழியின் பெயரே எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். பாலா அண்ணனுக்கு அவள் அப்பா பெயர்வரை தெரிந்திருந்தது.

பொறாமைக்கு வயிறு எரியும் என்பார்கள். எனக்கு எரிந்தது காது.

3

சாரதாவைப் பார்த்தும் எனக்குப் பொறாமைதான். அது பழைய பொறாமை.

கல்யாணமாகி விருதுநகரிலிருந்து அவள் இங்கே வந்தபோது மலாயில் ஒரு சொல் தெரியாது. கிளினிக்குக்குப் போனாலும், காய் வாங்கப் போனாலும், குடிநுழைவு அலுவலகத்தில் விசாவைப் புதுப்பிக்கப் போனாலும் நான்தான் முன்னால் நிற்பேன். அவள் என் முழங்கைக்குப் பின்னால் நின்று, “என்ன சொல்றாங்க?” என்பாள். நான் மொழிபெயர்ப்பேன். அந்த நாட்களில் நான் எவ்வளவு பெரிய மனிதனாக இருந்தேன் என்பது எனக்கு அப்போது தெரியவில்லை.

இப்போது நிலைமை வேறு. போன முறை குடிநுழைவு அலுவலகத்துக்குப் போயிருந்தோம். எனக்குத் தெரிந்த மலாய், தொழிற்சாலையிலிருந்து அரசாங்க இலாகாக்களுக்குக் கடிதம் எழுதியே கற்ற மலாய். கவுன்டரில் இருந்த பெண்ணிடம் நான், ‘மேற்படி விஷயம் தொடர்பாகத் தங்கள் மேலான கவனத்துக்குப் பணிவுடன்’ என்ற தொனியில் ஆரம்பித்தேன். அந்தப் பெண் என்னைப் பார்த்தாள். பிறகு சாரதாவைப் பார்த்தாள். சாரதா ஏதோ நாலு சொல் சொன்னாள். இருவரும் சிரித்தார்கள். அப்புறம் அந்தப் பெண்ணின் குழந்தைக்கு எந்தப் பாலர் பள்ளி நல்லது என்று பேச்சு போயிற்று. நடுவில் முத்திரை விழுந்தது.

வெளியே வந்து நான் கேட்டேன், “என்ன சொன்னே?”

“ஒண்ணுமில்ல. ‘இவர் எப்பவும் இப்படித்தான், லெட்டர் மாதிரி பேசுவார்’னு சொன்னேன்.”

இந்த ஊருக்கு அவளைக் கூட்டிக்கொண்டு வந்தவன் நான். இப்போது என்னைக் கூட்டிக்கொண்டு போகிறவள் அவள். ஞாயிற்றுக்கிழமைகளில் காக் ரோஸும் அவளும் தீவில் சமையல் செய்துகொண்டே மலாயில் சிரிக்கிற சிரிப்பு இருக்கிறதே, அந்த மாதிரிச் சிரிப்பை என் நகைச்சுவைகள் எதுவும் அவளிடமிருந்து வாங்கியதில்லை.

4

விருதுநகரில் எங்கள் தெரு முனையில் ஒரு தையற்கடை. அதன் முன்னால் சாயங்காலம் கேரம் போர்டு போடுவார்கள். அங்கே ரகசிய எண்ணெல்லாம் கிடையாது. பக்கத்தில் போய் நின்று, ‘அடுத்த ஆட்டம் எனக்கு’ என்று சொன்னால் போதும். நான் போய் நிற்பேன். ஆனால் சொல்ல மாட்டேன். அவர்களாகவே கூப்பிடட்டும் என்று நிற்பேன். நிற்கிறவன் சும்மா நிற்காமல், ஆடுகிறவர்களைப் பற்றி ஏதாவது கேலியாகச் சொல்வேன். நன்றாகச் சிரிப்பார்கள். கொஞ்ச நாளில் நான் சிரிக்கவைக்க வந்து நிற்கிறவன் என்று ஆகிவிட்டது. சிரிக்கவைக்கிறவனுக்கு ஸ்ட்ரைக்கர் எதற்கு? அந்த போர்டில் நான் ஆடியது மிகக் கொஞ்சம்.

ஆகவே போன மாதம் நான் செய்ததற்கு ஒரு பரம்பரை இருக்கிறது என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

அந்த வாரம் பாலா அண்ணன் வேலிக்கு அந்தப் பக்கமிருந்து சாரதாவிடம் சொன்னார்: “எங்க டிப்போல ஓஸ்மான்னு ஒரு டிரைவர் இருக்கான் மா. அவனும் வரேங்கிறான். நம்பர் மறந்துருச்சு, இன்னொரு தடவ சொல்லு.” சாரதா சத்தமாகச் சொன்னாள். நான் செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தேன். அந்த எண்ணை மறப்பதற்கு எனக்கு மனம் வரவில்லை.

இதே வீட்டில் இருக்கிற புருஷன், முன்னறைக்குப் போய், ‘நானும் வரட்டுமா?’ என்று கேட்டிருக்கலாம். கேட்பதற்கு இரண்டு சொல் போதும். அதற்குப் பதிலாக, கடையில் விளையாட்டை வாங்கி, கணினியில் ஏற்றி, ஓஸ்மான் என்று ஒரு கணக்கைத் திறந்து, தனியாக ஒரு தீவில் நாலைந்து தடவை செத்துப் பழகினேன். முதல் சாவு பசியால். இரண்டாவது சாவு நான் சமைத்ததைத் தின்றதால்.

ஞாயிறு மத்தியானம், தலைவலி என்று சொல்லிவிட்டுப் படுக்கையறைக்குப் போனேன். எண்ணை அடித்தேன். திரையில், ‘உங்கள் வேண்டுகோள் அனுப்பப்பட்டது. அனுமதிக்காகக் காத்திருக்கவும்’ என்று வந்தது. காத்திருப்பதில் எனக்கு நல்ல அனுபவம் உண்டு. இந்த நாட்டில் எத்தனையோ கவுன்டர்களின் முன்னால், எத்தனையோ பிளாஸ்டிக் நாற்காலிகளில் காத்திருந்திருக்கிறேன். ஆனால் என் மகள் அனுமதிக்கிறாளா என்று காத்திருந்தது அதுதான் முதல் தடவை. 

கதவு திறந்தது. அதாவது, கடற்கரை தெரிந்தது.

“அலமாக்! ஓஸ்மான் வந்துட்டான் லா!” என்றார் பாலா அண்ணன். அவர் அன்றைக்கு டிப்போவிலிருந்து கைபேசியில் ஆடிக்கொண்டிருந்தார். பின்னால் யாரோ ஒரு ஆள் விழுந்து விழுந்து சிரிக்கிற சத்தம் கேட்டது. டிப்போ என்றால் ஆள் இருப்பார்கள் என்று விட்டுவிட்டேன்.

“ஓஸ்மான் அங்கிள், செலாமாட் டாத்தாங்!” என்று வரவேற்றாள் மதி.

பேசினால் குரல் காட்டிக்கொடுத்துவிடும். ஆகவே ஒலிவாங்கி கெட்டுப்போனது என்று மலாயில் தட்டச்சு செய்தேன். என் மலாய்தான் உங்களுக்குத் தெரியுமே. தமிழில் சொன்னால் இப்படி இருக்கும்: ‘மேற்படி ஒலிவாங்கி பழுதடைந்துள்ளது என்பதைப் பணிவுடன் தெரிவித்துக்கொள்கிறேன்.’

 உடனே காக் ரோஸுக்கு இருமல் வந்தது. நீண்ட இருமல்.

5

அவர்கள் கட்டியிருந்த வீட்டைப் பார்த்தேன். எனக்கு அப்படி ஒரு எரிச்சல் வந்தது. அவ்வளவு அழகாக இருந்தது. சாரதா வாசலில் பூச்செடி வைத்திருந்தாள். உள்ளே நாலு படுக்கை. ஒவ்வொரு படுக்கைக்கும் மேலே ஒரு பலகையில் பெயர்: சாரதா, மதி, ரோஸ், பாலா. ஐந்தாவது படுக்கைக்கு இடமே விடாமல் சுவரை எழுப்பியிருந்தார்கள்.

எல்லோரும் கரைக்குப் போய்விட்டார்கள். மதியும் பாலா அண்ணனும் படகுக்கு, மற்ற இருவரும் மீனுக்கு. என்னை வீட்டில் விறகு அடுக்கச் சொன்னார்கள். சாரதாவின் குரல் எனக்கு இரண்டு தடவை கேட்டது. முதலில் சுவர் வழியாக, அப்புறம் காதுக்குழாய் வழியாக. ஒரே பெண்டாட்டி இரண்டு தடவை பேசுவதை நிதானமாகக் கேட்கிற பாக்கியம் எத்தனை பேருக்குக் கிடைக்கும்?

விறகு அடுக்கிக்கொண்டிருந்தபோதுதான் கவனித்தேன். நல்ல பகல். வெயில் அடிக்கிறது. அந்த வெயிலில் வீட்டைச் சுற்றிலும், வேலி நெடுகிலும், உள்ளே ஒவ்வொரு அறையிலும் தீப்பந்தம் எரிந்துகொண்டிருக்கிறது. ஆள் இல்லாத அறையில் இரண்டு. ஆள் இல்லாத கோழிக் கூண்டுக்கு ஒன்று.

என் அப்பா மின்சார வாரியத்தில் குமாஸ்தா. வீட்டில் ஒரு அறையிலிருந்து எழுந்து இன்னொரு அறைக்குப் போகும்போது கை தானாக சுவிட்சுக்குப் போகாவிட்டால், “அங்க யாருக்கு எரியுது, பேய்க்கா?” என்பார். அவரோடு பேசிய சொற்களை எண்ணினால் பாதிக்குமேல் சுவிட்சைப் பற்றித்தான் இருக்கும். இன்றைக்கும் என் கை அப்படித்தான். ஜொகூரில் ஓட்டலில் சாப்பிட்டுக் கை கழுவிவிட்டு வரும்போது அவர்கள் கழிவறை விளக்கை அணைத்துவிட்டு வந்திருக்கிறேன். உள்ளே ஒரு சீனக் கிழவர் இருந்தார்.

ஒவ்வொன்றாக அணைத்தேன். அறை அறையாகப் போனேன். கூண்டை அணைத்தேன். வேலியைச் சுற்றி வந்து அணைத்தேன். வேலை முடிந்ததும், அந்தத் தீவில் எனக்கும் ஒரு பொறுப்பு இருக்கிறது என்று முதல்முறையாக ஒரு திருப்தி வந்தது.

அந்த விளையாட்டில் பொழுது சீக்கிரம் சாயும். மிருகங்களை அண்டவிடாமல் வைத்திருந்தது வேலி இல்லை, அந்த வெளிச்சம். நான் தனியாகச் செத்துப் பழகிய தீவில் வீடும் கட்டவில்லை, பந்தமும் கட்டவில்லை; ஆகவே அது எனக்குத் தெரியாது.

காட்டுப்பன்றிகள் முதலில் வந்தன. அதற்குப் பின்னால் பெயர் தெரியாத ஏதோ ஒன்று, கரடிக்கும் பஸ்ஸுக்கும் பிறந்ததுபோல். கோழிகள் போயின. பூச்செடி போயிற்று. நாலு பெயர்ப் பலகைகளும் போயின. பிறகு அது கரைக்கு இறங்கி, அங்கே நின்ற படகைத் தூள் தூளாக்கியது.

“யாரு விளக்கை அணைச்சது?” என்று சாரதா கத்தினாள். இந்தத் தடவை காதுக்குழாய் தேவைப்படவில்லை.

நான் தலையணையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன்.

“ஓஸ்மான் அங்கிள் மா,” என்றாள் மதி, நிதானமாக. “பகல்ல எரியுதுன்னு நினைச்சுட்டார் போல.”

ஒன்று சொல்ல வேண்டும். படகு உடைந்தபோது எனக்கு வருத்தமாக இல்லை. பலகைகள் ஒவ்வொன்றாகத் தண்ணீரில் மிதந்து போவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பாலா அண்ணனும் என் மகளும் வாரக்கணக்காகப் பேசிய பேச்செல்லாம் அதில் மிதந்து போயிற்று. எனக்குக் குளிர்சாதனம் அப்போதுதான் வேலை செய்ய ஆரம்பித்ததுபோல் இருந்தது.

6

தீவில் பொழுது விடிந்ததும் பாலா அண்ணனுக்கு பஸ் எடுக்க நேரமாகிவிட்டது. காக் ரோஸ் சமைக்கப் போனாள். சாரதா, டீ போடப் போகிறேன் என்று எழுந்துவிட்டாள். சுவருக்கு அந்தப் பக்கம் நாற்காலி நகர்ந்தது எனக்குக் கேட்டது. தீவில் மதியும் நானும்தான்.

“வாங்க அங்கிள், மீன் பிடிப்போம்,” என்றாள்.

பாறையில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தோம். அவள் மலாயில் பேசினாள். அவள் மலாய் பேசும்போது வேறொரு பெண். தோளைத் தளர்த்திவிட்டு, காலை நீட்டிக்கொண்டு பேசுகிற மாதிரி இருக்கும். அவள் சொன்னதை இங்கே தமிழில் எழுதுகிறேன். ஆனால் நான் கேட்டது இந்தக் குரல் இல்லை.

“அங்கிள், உங்களுக்குப் பிள்ளைங்க இருக்கா?”

ஒன்று என்று அடித்தேன்.

“நான் ஒரு பேப்பர்ல பெயிலாயிட்டேன். வெப்ப இயக்கவியல். அம்மாவுக்குத் தெரியும். பாலா அங்கிளுக்கும் தெரியும். அப்பாகிட்டதான் இன்னும் சொல்லல.”

வெப்ப இயக்கவியல் எனக்கு உயிர். அவள் கல்லூரிக்குக் கிளம்பும்போது என் பழைய பாடப் புத்தகத்தை அட்டை போட்டுக் கொடுத்தனுப்பியவன் நான். என் வீட்டில் இருக்கிறவளுக்குத் தெரிந்திருக்கிறது. பக்கத்து வீட்டில் இருக்கிறவருக்குத் தெரிந்திருக்கிறது. எனக்குத்தான் இத்தனை நாள் ‘படிக்கிறேன் பா’ என்று பதில் வந்திருக்கிறது.

திட்டுவாரா என்று ஓஸ்மான் கேட்டார்.

“சேச்சே, திட்ட மாட்டார். திட்டினாக்கூடப் பரவால்ல. ஜோக் அடிப்பார். நல்ல ஜோக்காத்தான் இருக்கும். எல்லாரும் சிரிப்பாங்க. நானும் சிரிக்கணும். அதான் சொல்லல.”

இதைக் கேட்ட அதே நொடியில் என் விரல்கள் என்ன செய்துகொண்டிருந்தன தெரியுமா? பெயிலானதையும் ஜொகூர் வெயிலையும் சேர்த்து ஒரு வாக்கியம் அடித்துக்கொண்டிருந்தன. நல்ல வாக்கியம்தான். பாதி அடித்தபிறகு பார்த்தேன். அழித்தேன். எந்தெந்த அத்தியாயம் கடினமாக இருந்தது என்று கேட்கலாம் என்று ஆரம்பித்தேன். அதையும் அழித்தேன். ‘கேட்டுக்கொண்டிருக்கிறேன்’ என்பதற்கு மலாயில் இரண்டே சொல். அதில் பணிவும் இல்லை, மேற்படியும் இல்லை. அதை அனுப்பினேன்.

அவள் பேசிக்கொண்டே போனாள். திரும்பவும் எழுதப்போகிறாள் என்றாள். முதல் தடவை பரீட்சை மண்டபத்தில் ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பப் படித்துக்கொண்டிருந்தேன் என்றாள். விடுதியில் எல்லோரும் தூங்கியபிறகு அப்பா கொடுத்த புத்தகத்தைத் திறந்தால், ஓரத்தில் அப்பா பென்சிலில் எழுதிவைத்திருக்கும் குறிப்புகளெல்லாம் ரொம்பத் தெளிவாக இருக்கிறது என்றும், அதைப் படித்தால் இன்னும் பயமாக இருக்கிறது என்றும் சொன்னாள். நான் ஒரு மீனும் பிடிக்கவில்லை. தூண்டிலில் எதுவோ இழுத்தது. விட்டுவிட்டேன்.

7

சாயங்காலம் சமையலறைக்குப் போனேன். சாரதா வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். திரும்பிப் பார்க்காமல், “தலைவலி போயிடுச்சா, ஓஸ்மான்?” என்றாள்.

நான் கதவு நிலையில் சாய்ந்துகொண்டேன். “எப்பத் தெரிஞ்சுது? விளக்கை அணைச்சப்பவா?”

“அதுக்கு ரொம்ப முன்னாடி. பாலா அண்ணன் டிப்போல இருந்து ஆடுனாருல்ல? நிஜ ஓஸ்மான் அவர் பக்கத்துலயே உக்காந்து நாசி லெமாக் சாப்டுட்டு இருந்தாராம். நீங்க உள்ள வந்த உடனே போட்டோ புடிச்சு எங்க எல்லாருக்கும் அனுப்பிட்டாரு.”

“எல்லாருக்கும்னா?”

“காக் ரோஸுக்கு. எனக்கு. மதிக்கு.”

“அப்புறம் ஏன் என்னைத் துரத்தல?”

“நான் துரத்தலாம்னுதான் சொன்னேன். மதிதான், ‘இருக்கட்டும் மா, வந்துட்டார், பாவம்’னுட்டா.” வெங்காயத்தை வெட்ட ஆரம்பித்தாள். “கோழிக்கூண்டு நான் கட்டுனது. அதை மட்டும் ஞாபகம் வெச்சுக்கங்க.”

அப்படியென்றால், பாறைமேல் உட்கார்ந்தபோது மதிக்குத் தெரியும். பக்கத்தில் உட்கார்ந்திருப்பது யாரென்று தெரிந்துகொண்டுதான் அத்தனையும் சொல்லியிருக்கிறாள். என்னிடம் சொல்ல முடியாததை என்னிடமே சொல்வதற்கு அவளுக்கு நடுவில் ஓஸ்மான் என்று ஒரு பஸ் டிரைவர் தேவைப்பட்டிருக்கிறார். பாலா அண்ணன்மீது இருந்த பொறாமை அந்த நிமிஷமே போய்விட்டது. போய் எங்கேயும் வெகுதூரம் போகவில்லை. ஓஸ்மான்மீது போய் உட்கார்ந்துகொண்டது. டிப்போவில் நாசி லெமாக் தின்றவர்மீது அல்ல. பாறைமேல் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாரே, அவர்மீது.

மதிக்குப் போன் செய்தேன்.

“சாப்டியா?” என்றேன். வேறு எப்படி ஆரம்பிப்பது என்று எனக்குத் தெரியாது.

“சாப்டேன் பா.”

“மதி, மத்தியானம் அது நான்தான்.”

“தெரியும் பா.”

“அந்தப் பேப்பர்…” என்றேன். தொண்டையில் ஒரு நகைச்சுவை வந்து நின்றது. முழுங்கினேன். “திரும்ப எழுதிக்கலாம்.”

“ம்.”

“படகை நான் சரி பண்ணித் தரேன். எனக்குப் படகு பத்திக் கொஞ்சம் தெரியும். அடுத்த ஞாயித்துக்கிழமை நான் வரட்டுமா?”

போனைக் காதோடு அழுத்திக்கொண்டேன். ‘உங்கள் வேண்டுகோள் அனுப்பப்பட்டது, காத்திருக்கவும்.’

“வாங்க பா,” என்றாள். “ஆனா ஓஸ்மானாவே வாங்க, ஓகேவா? அவர் டைப் அடிச்சு முடிக்கிறதுக்குள்ள நான் பேசி முடிச்சுடலாம்.”